நகரி மூக்கும் ஆறு அங்குலப் பீரங்கியும்

என் அக்காள் புருஷன் எத்திராஜ் பத்து வருஷம் கடற்படையில் பீரங்கிப் பிரிவில் வேலை பார்த்தவர். அந்தப் பத்து வருஷத்தில் ஒரு பீரங்கி சுடுவதை ஒருமுறைகூட அவர் கண்ணால் பார்த்ததில்லை. கேலிக்காகச் சொல்லவில்லை. கேலி செய்ய வேண்டியதையெல்லாம் எங்கள் நகரிக் கடைத்தெரு அப்போதே வட்டியும் முதலுமாகச் செய்து தீர்த்துவிட்டது.

மனுஷன் கடற்படைக்குப் போனதே ஒரு கூத்து. மூக்குமலை அடிவாரத்தில் வேர்க்கடலையும் கரும்பும் போடுகிற குடும்பம் அவருடையது. ஏரியில் இறங்கினால்கூட இடுப்புக்கு மேல் தண்ணீர் ஏறவிடாத ஆள். அம்மை கண்டு பிழைத்ததற்காகத் திருப்பதிக்குப் போய் மொட்டை போட்டுக்கொண்டு, மலையை விட்டு இறங்கி ரயிலடிக்கு வந்திருக்கிறார். பக்கத்தில் ஒரு கொட்டகையில் கடற்படைக்கு ஆள் எடுத்துக்கொண்டிருந்தார்கள். வேடிக்கை பார்க்கப் போனவர் அப்படியே வரிசையில் நின்றுவிட்டார். மற்ற பையன்களெல்லாம் சுருட்டை முடியும் கிருதாவுமாக நிற்க, இவர் மட்டும் பளபளவென்று நின்றாராம். தயாராகவே வந்திருக்கிறான் பார் என்று அதிகாரி முதல் ஆளாக இவரைத்தான் கூப்பிட்டிருக்கிறார். பெருமாள் கொடுத்த உத்தியோகம் என்று இன்றைக்கும் எங்கள் வீட்டில் சொல்வார்கள். கொடுத்த முடிக்குக் கைமேல் பலன் என்று நான் சொல்வேன்.

ஆந்திர ராஜ்யம் பிறந்த மறு வருஷம் என் அக்கா சந்திரம்மாவை அவருக்குக் கட்டிக் கொடுத்தோம். அக்காவுக்கு வாய் அதிகம், பயம் கம்மி. மாப்பிள்ளை பெரிய கப்பலில் பீரங்கி சுடுகிறவர் என்று தாலி ஏறுவதற்கு முன்பே தெருவுக்கெல்லாம் சொல்லி வைத்துவிட்டாள். யாரும் அவளிடம் குறுக்குக் கேள்வி கேட்கவில்லை, கேட்டுவிட்டு ஊரில் குடியிருக்க முடியாது.

மாப்பிள்ளையிடமே கேட்டவர் ஒருவர் உண்டு. கடைத்தெருவில் என் சைக்கிள் கடைக்கு அடுத்த கடை பாலையாவின் டீக்கடை. பாலையா தெலுங்கு வீட்டுக்காரர், பேச்சில் பாதி தெலுங்கு, பாதி தமிழ், எதையும் லேசில் நம்பாதவர். கல்யாணத்துக்குப் பிறகு மாமா முதல் முறை லீவில் வந்து என் கடைப் பலகையில் உட்கார்ந்ததும், டம்ளரைக் கையில் கொடுத்துவிட்டு நேராகக் கேட்டார்.

“ஏம் எத்திராஜு, பிரங்கி பேல்ச்சாவா லேதா?”

பீரங்கி சுட்டாயா இல்லையா, ஒரே வார்த்தையில் சொல் என்று அர்த்தம். மாமா சுட்டேன் என்று சொல்லிவிட்டு டீயைக் குடித்திருக்கலாம். ஆனால் அவருக்குப் பொய் வராது. அவரிடம் உள்ள பெரிய குறையே அதுதான்.

“நான் சுடல பாலையா. நான் அடியில இருக்கறவன்” என்றார். “படத்துல நீ பாக்கறது மூடி மட்டும்தான். ஆறு அங்குல வாயோட ரெண்டு கொழா நீட்டிக்கினு இரும்பு ரூம் ஒண்ணு சுத்துதே, அதைத்தான் டர்ரெட்டுன்றாங்க. அதுக்குக் கீழ நம்ம கெணறு மாதிரி அடுக்கடுக்கா எறங்கிக்கினே போவுது. கெணத்தடியில, கடல் தண்ணி மட்டத்துக்கும் கீழ, மருந்து ரூம். அங்கதான் எனக்கு வேலை.”

கடைத்தெருவே கூடிவிட்டது. மாமா பொறுமையாக எல்லாவற்றையும் சொன்னார். குண்டு வேறு, மருந்து வேறு. குண்டு ஒவ்வொன்றும் அரை மூட்டை அரிசி கனம், அது ஓர் அறையிலிருந்து தனித் தூக்கியில் மேலே போகும். மருந்து இன்னோர் அறையிலிருந்து வேறு வழியில் போகும். அது நம்மூர் வெடிமருந்து மாதிரி கறுப்புத் தூள் இல்லை, விளக்குமாற்றுக் குச்சிகளைக் கட்டுக் கட்டியது போல மஞ்சள் குச்சிகள், பட்டுத் துணிப் பையில் தைத்தது. மருந்து அறைக்குள் இரும்பு எதுவும் போகக்கூடாது. ஆணி அடித்த செருப்பு கூடாது, தீப்பெட்டி கூடாது. முதல் நாள் சோதனையில் இவருடைய வெள்ளி அரைஞாணைக்கூடக் கழற்றி வாங்கிக்கொண்டார்களாம்.

“பட்டா?” என்றார் பாலையா. நகரி நெசவு ஊர், பட்டு என்றால் காது நிமிர்ந்துவிடும். “கல்யாணத்துக்கே பட்டு வாங்கக் கஷ்டப்படறோம், நீ கொளுத்தறதுக்குப் பட்டா?”

“நூல் துணின்னா கங்கு தங்கிடும் பாலையா. பட்டு சுத்தமா எரிஞ்சிடும், ஒண்ணும் மிஞ்சாது. கங்கு ஒண்ணு உள்ள இருந்துச்சின்னா அடுத்த பையைத் திணிக்கறவன் காலி.”

அடியிலிருந்து போகும் பை, நெருப்பு கீழே இறங்கிவிடாதபடி ஒரு கதவு திறந்தால் மறு கதவு மூடிக்கொள்ளும் பெட்டி வழியாக, கை மாறி மேலே போகும். மேலே இருப்பவர்கள் பீரங்கியின் பின்பக்கக் கதவைத் திறந்து, முதலில் குண்டை வைத்து நீளக் கோலால் ஓங்கி இடிப்பார்கள். குழாயின் உள்ளே திருகு மாதிரி வரிகள் உண்டு, குண்டின் இடுப்பில் இருக்கும் செப்பு வளையம் அதில் கடித்துக்கொள்ளும் வரை இடிக்க வேண்டும். அதற்குப் பின்னால் பட்டுப் பை. பிறகு கதவைச் சாத்தித் திருகி, பற்றவைக்கும் சிறு தோட்டாவைச் செருகினால் ‘ரெடி’ விளக்கு எரியும். சுட்டு முடிந்ததும் கதவு திறக்கும்போதே குழாய்க்குள் காற்றைப் பீய்ச்சி அடிப்பார்கள். ஒருவன் குனிந்து, குழாய் வழியே வானம் தெரிகிறதா என்று பார்த்து, சுத்தம் என்று கத்திய பிறகுதான் அடுத்த குண்டு.

“சரி மாமா, அந்த ரூம்ல எவன் சுடறான்?” என்று நான் கேட்டேன்.

மாமா தலையைச் சொறிந்தார். “அந்த ரூம்ல எவனும் சுடறதில்ல கோவர்த்தனா. குறி பாக்கறவங்க கொடிமரத்து உச்சியில ஒரு கூண்டுல குந்திக்கினு இருக்காங்க. எல்லா டர்ரெட்லயும் ரெடி விளக்கு எரிஞ்சதும் அங்க ஒருத்தன் விசையை அழுத்துவான். அத்தனை பீரங்கியும் ஒண்ணா வெடிக்கும்.”

கூட்டத்துக்கு ஏமாற்றமாகிவிட்டது. சுடுகிறவன் பீரங்கிக்குப் பக்கத்தில்கூட இல்லை. பீரங்கிக்குப் பக்கத்தில் இருப்பவன் சுடுவதில்லை. நம் மாப்பிள்ளையோ இரண்டுமில்லாமல் பாதாளத்தில் உட்கார்ந்து பை எடுத்துக் கொடுக்கிறார். சாயங்காலத்துக்குள் அவருக்கு ‘மூட்டை எத்திராஜ்’ என்று பெயர் விழுந்துவிட்டது. பீரங்கிக்காரனுக்குக் காது மந்தமாகிவிடுமே, உனக்குப் பாம்புச் செவியாக இருக்கும்போதே நினைத்தேன் என்று பாலையா வேறு சொன்னார்.

செய்தி அக்கா காதுக்குப் போனது. மறுநாள் காலையில் டீக்கடைக்கு முன்னால் வந்து நின்றாள்.

“பாலையாண்ணா, மருந்துப் பை பெரிசில்லன்னா நாளைக்குத் தூள் போடாம ஒரு டீ ஆத்திக் குடு. அது எப்பிடி இருக்குதுன்னு நான் குடிச்சிப் பாக்கறேன்.”

கடை மொத்தமும் சிரித்தது. பாலையாவும் சிரித்தார். பெயர் மட்டும் போகவில்லை, எங்கள் ஊரில் வைத்த பெயரை எடுக்க முடியாது.

மாமாவுக்கு அந்தப் பெயரில் வருத்தமே இல்லை. வருத்தம் வேறு. ஒரு நாள் நான் சக்கரத்தில் கோட்டம் எடுத்துக்கொண்டிருந்தபோது பக்கத்தில் உட்கார்ந்து அவராகவே சொன்னார். “கீழ எங்களுக்கு மணி அடிக்கும். அப்புறம் காலுக்கடியில தரை ஒரு தடவ கீழ போயிட்டு வரும். பெயிண்ட் பொடிப்பொடியா தலையில கொட்டும். அவ்ளோதான் கோவர்த்தனா, உடனே அடுத்த பை. மேல நெருப்பு எப்பிடிப் போவுது, கொழா எப்பிடிப் பின்னால வந்து திரும்பிப் போவுது, எதுவும் தெரியாது. சர்வீஸ் முடியறதுக்குள்ள ஒரே ஒரு தடவ பாத்துடணும்.”

அவர் ஆசைப்பட்டு நான் கேட்டது அது ஒன்றுதான். புது வேட்டிக்குக்கூட ஆசைப்படாதவர். எனக்கு மனசுக்குக் கஷ்டமாக இருந்தது. சக்கரத்தை மறுபடி சுழற்றிவிட்டேன்.

அந்த லீவிலேதான் வீட்டில் வைத்து இன்னொன்றும் சொன்னார். எங்கள் மூக்குமலை, பாறை முகம் மல்லாந்து படுத்தவன் மூக்கு போலத் தூக்கி நிற்கிற மலை, அது கடலிலிருந்து தெரியுமாம். மெட்ராஸுக்கு வரும் கப்பல்காரர்கள் வானம் தெளிவாக இருந்தால் முதலில் அதைத்தான் தேடுவார்களாம். ‘நகரி மூக்கு’ என்று இங்கிலீஷில் கடல் வரைபடத்திலேயே போட்டிருக்கிறதாம். இவர்தான் இன்னும் பார்த்ததில்லை. கப்பல் இந்தப் பக்கம் வந்த போதெல்லாம் இவர் கீழே ஏதாவது வேலையில் இருந்திருக்கிறார்.

அக்கா கைவேலையை நிறுத்திவிட்டாள். “நம்ம மலை உங்களுக்குத் தெரியும்னா, நாங்க மலை மேல நின்னா?”

“நீ எப்பிடித் தெரிவ சந்திரா? மலையே சுண்டுவிரல் நகம் மாதிரி தெரியுதுன்னு சொல்றாங்க.”

“நான் தெரிய வேணாம். புகை தெரியும் இல்ல? உங்க கப்பல் இந்தப் பக்கம் சுடற அன்னிக்கு நான் மூக்கு மேல ஏறிப் புகை போடறேன். நீங்க பாருங்க மாமா.”

மாமா சிரித்தார். கப்பல் எங்கே எப்போது சுடும் என்று வீட்டில் சொல்லக்கூடாது, அவருக்கே முன்கூட்டித் தெரியவும் தெரியாது. பேச்சு அதோடு நின்றது என்று நாங்கள் நினைத்தோம்.

வருஷங்கள் ஓடின. எல்லைத் தகராறு தீர்ந்து, எந்த ஊர் ஆந்திராவுக்கு, எந்த ஊர் மெட்ராஸுக்கு என்று முடிவானது. வரும் ஏப்ரலில் திருத்தணி அந்தப் பக்கம் போகும், சத்தியவேடு இந்தப் பக்கம் வரும் என்று டீக்கடையில் அதே பேச்சு. நகரி இருந்த இடத்திலேயே இருந்தது. மாமாவுக்கும் அந்தப் பங்குனியோடு சர்வீஸ் முடிகிறது. ஆசை தீர்ந்தபாடில்லை.

அந்தப் பொங்கலுக்கு முந்தின சந்தையில் கருவாட்டுக்காரி செங்கம்மா கூடையை இறக்கி வைத்தபடியே புலம்பினாள். அவள் சூளூர்பேட்டைப் பக்கம், பழவேற்காட்டு ஏரிக்கரைக் குப்பம். “காணும் பொங்கல் அன்னிக்கு யாரும் கடல்ல போவக்கூடாதுன்னு தப்பட்டை அடிச்சிச் சொல்லிட்டுப் போய்ட்டாங்கம்மா. காலையில நேவி கப்பல் குண்டு போட்டுப் பழகப் போவுதாம். பொழைப்பு போச்சி.”

அக்கா அன்றைக்கு மூன்று மடங்கு கருவாடு வாங்கினாள். செங்கம்மாவுக்குக் காரணம் புரியவில்லை. எனக்குப் புரிந்தது.

காணும் பொங்கலுக்கு எங்கள் ஜனங்கள் கட்டுச்சோறு கட்டிக்கொண்டு ஆறு, குளம், மலை என்று கிளம்பிவிடுவார்கள். அந்த வருஷம் அக்கா எல்லோரையும் மூக்குமலைக்குத் திருப்பினாள். புளிசாதம், தயிர்சாதம், கருவாட்டுத் தொக்கு. என் பங்குக்கு, கடையில் சேர்ந்திருந்த பழைய சைக்கிள் டயர்கள். தழைப்புகை என்றால் விறகு வெட்டுகிறவர்கள் போட்டது என்று நினைத்துவிடுவாராம், கறுப்புப் புகைதான் வேண்டுமாம். டயர்களைத் தோளிலும் கழுத்திலும் மாட்டிக்கொண்டு சேவல் கூவும் நேரத்தில் நான் மலை ஏறினேன். மாலை போட்ட மந்திரி மாதிரி இருப்பதாகப் பாலையா சொன்னார். ஆமாம், பாலையாவும் வந்தார். நடக்காது என்பதை நேரில் பார்க்க வந்தாராம்.

மூக்கின் நுனிக்கு யாரும் போவதில்லை. கிழக்குப் பார்த்த பாறைத் திட்டு ஒன்று உண்டு, அதில் உட்கார்ந்தோம். முந்தின நாள் மழை பெய்து வானம் கழுவி விட்டது போல இருந்தது. கீழே வயல்களும் ஏரிகளும், எங்கேயோ தூரத்தில் ஒரு ரயில். அதற்கெல்லாம் அப்பால் வெள்ளி ஜரிகை போல மெல்லிசாக ஒரு கோடு. அதுதான் கடல் என்றார்கள். நான் அதுவரை கடலைப் பார்த்ததில்லை, பார்த்த முதல் கடல் என் வீட்டு மலையிலிருந்துதான்.

எல்லை எங்கே ஓடுகிறது என்று ஆளுக்கொரு பக்கம் கை காட்டிச் சண்டை போட்டார்கள். “மூக்கு நம்முது, ஜலதோஷம் மெட்ராஸுக்கு” என்று பாலையா தீர்ப்புச் சொல்லிவிட்டுப் புளிசாதப் பொட்டலத்தைப் பிரித்தார்.

அக்கா மட்டும் உட்காரவில்லை. வைக்கோலும் சுள்ளியும் வைத்துப் பற்றவைத்து அதன் மேல் டயர்களை அடுக்கினாள். மழையில் நனைந்த சுள்ளி. கொஞ்சம் எரியும், அணையும். அவள் குனிந்து ஊதுவாள், கறுப்பாக ஒரு சுருள் கிளம்பும், மறுபடி அணையும். முகமெல்லாம் கரி, கண்ணெல்லாம் தண்ணீர்.

அப்போதுதான் கேட்டது. பக்கத்து வீட்டில் யாரோ கடலை மூட்டையைத் தொப்பென்று போட்டது போல ஒரு சத்தம். எல்லோரும் எழுந்துவிட்டோம். சிறிது நேரம் கழித்து இன்னொன்று.

“அது புத்தூர்ல கல்லு ஒடைக்கறாங்க” என்றார் பாலையா.

“காணும் பொங்கலுக்கு எவன் கல்லு ஒடைப்பான்?” என்று நான் கேட்டேன். பாலையா வாயைத் திறக்க, மூன்றாவது சத்தம் வந்தது. அவர் வாயை மூடிக்கொண்டு, தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்து, கடலைப் பார்த்து வீசத் தொடங்கிவிட்டார். நாங்களும் வீசினோம். அத்தனை தூரத்துக்கு எங்கள் துண்டு தெரியாது என்று எங்களுக்கும் தெரியும். எனக்கு அழுகை வந்துவிட்டது, சந்தோஷத்தில்தான்.

புகைக்குள்ளிருந்து அக்கா இருமிக்கொண்டே தலையைத் தூக்கினாள். “இன்னாடா எல்லாரும் நிக்கறீங்க? சுட்டாங்களா?”

அவள் ஒரு சத்தத்தையும் கேட்கவில்லை. டயர் அணைந்துவிடாமல் ஊதிக்கொண்டே இருந்திருக்கிறாள்.

பங்குனியில் மாமா டிரங்குப் பெட்டியோடு ஒரேயடியாக வந்து இறங்கினார். நேராக என் கடைக்குத்தான் வந்தார், பின்னாலேயே அக்காவும் வந்தாள். பாலையா ஓட்டமாக டீ கொண்டுவந்தார். வழக்கமான கேள்வியை இந்த முறை மாற்றிக் கேட்டார், சுடுவதையாவது பார்த்தாயா என்று.

மாமா சொன்னார். காணும் பொங்கல் அன்றைக்கு அவருடைய கடைசிப் பயிற்சிச் சுடுதல். டர்ரெட்டுக்குப் பொறுப்பான மலையாளி அதிகாரிக்கு இவருடைய ஆசை தெரியும். கீழே மருந்து அறையில் வேறொருவரை நிறுத்தி, மேலே சொல்லி அனுமதி வாங்கி, இவரை மேல்தளத்தில் ஓர் ஓரமாக நிற்க வைத்தார். காதில் பஞ்சு வைத்து, கண்ணுக்குப் பைனாகுலர் கண்ணாடியும் கொடுத்தார். டர்ரெட் சுழன்றது. குழாய்கள் ஜோடி ஜோடியாகக் கிழக்கே திறந்த கடலைப் பார்த்துத் தலையைத் தூக்கின.

“அப்புறம்?” என்றேன்.

“அப்புறம் கரை எந்தப் பக்கம்னு திரும்பிப் பாத்தேன். மூக்கு தெரிஞ்சிச்சி. அப்பிடியே நம்ம மூக்கு, நகத்தளவுக்கு. கண்ணாடி வெச்சிப் பாத்தா, மூக்குக்குப் பக்கத்துல கறுப்பா ஒரு நூல். தழைப்புகை அப்பிடிக் கறுப்பா வராது. உன் கடை டயர்தான்னு தெரிஞ்சிப் போச்சி.”

“பீரங்கி மாமா, பீரங்கி.”

“சுட்டாங்க. முதுகுல அறைஞ்ச மாதிரி காத்து வந்து மோதிச்சி. மூணு தடவ சுட்டாங்க.”

“மூணுல ஒண்ணாவது பாத்தாயா இல்லையா?” என்று பாலையா கிட்டத்தட்டக் கத்தினார், தெலுங்கு சுத்தமாக மறந்துவிட்டது அவருக்கு.

“பாக்கல.”

அக்காவுக்குக் கோபம் வந்துவிட்டது. “பத்து வருஷமா இதுக்குத்தானே ஏங்கிக்கினு இருந்தீங்க? கழுத்தைத் திருப்பினா ஆச்சே மாமா.”

“பீரங்கி அங்கியேதான் நின்னுக்கினு இருக்குது சந்திரா, அது எங்க போவப் போவுது? கரைப் பக்கம் பனி ஏறிக்கினு இருந்துச்சி. அந்த நூல் நடுநடுவ அறுந்து அறுந்து போச்சி. ஒவ்வொரு தடவயும் அவ்ளோதான்னு நெனப்பேன், மறுபடி கெளம்பும். எப்பிடித் திரும்பறது?”

பாலையா இன்னொரு டீ ஆற்றி, கேட்காமலேயே அக்கா கையில் கொடுத்தார். அவள் டம்ளரைப் பிடித்தபடி முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

“சுள்ளி ஈரம் மாமா, அணைஞ்சி அணைஞ்சி போச்சி” என்றாள். “நான் ஊதிக்கினே இருந்தேன்.”